ஹ்ருஷ்கோவ் சுற்றுப்பாதையின் மெத்தை வரலாறு

ஹ்ருஷ்கோவ்,
3 ஜூலை 1994

என் அன்பு மருமகள் யர்மிலாவுக்கு,

வலது கையை நெஞ்சில் வைத்து, இடது கையால் கிறுக்கி, சத்தியம் செய்கிறேன்: நான் இங்கே எழுதப்போவது உலகத்தில் ஒருவரும் நம்பாத கதை. பாதிரியாரிடம் சொன்னேன், நம்பவில்லை. பன்றிப் பண்ணையில் பன்றிகளிடம் சொன்னேன்; நான்கு வருடம் பொறுமையாகக் கேட்டுவிட்டு அவையும் தவிட்டுத் தொட்டிப் பக்கம் திரும்பிக்கொண்டன. நீ கணக்கு டீச்சர். உன் கதி என்ன ஆகுமோ தெரியவில்லை.

இங்கு நானும் என் சைக்கிளும் என் இடது காதும் நலம். வலது காது 1961 பந்தயத்தின் சத்தத்துக்குப் பலியாகிவிட்டது. உன் நலமும் உன் அம்மா, என் அக்கா பொஜேனாவின் நலமும் அறிய ஆவல்.

இருபத்தேழு வருடத்தில் நீ எழுதிய முதல் கடிதம் வந்தது. நான்கு வரி. அதில் இரண்டு வரி முகவரி. பரவாயில்லை. நம் ஊர்ச் சுற்றுப்பாதையில் செப்டம்பர் 11 அன்று பழைய மோட்டார் சைக்கிள்களை வைத்து மறுபடி பந்தயம் விடுகிறார்கள், உன் அப்பாவுக்கு ஒரு நினைவுக்கல் வைக்கிறார்கள், ஒரு சிறு புத்தகமும் போடுகிறார்கள்; ரோஸ்தாவின் மகள் என்பதால் எழுதும் வேலையை உன் தலையில் கட்டிவிட்டார்கள். முழு வரலாறும் தெரிந்தவன் நான் ஒருவன்தான் மிச்சம் என்று யாரோ சொல்லியிருக்கிறார்கள். அந்த யாரோ வாழ்க.

கேள். 1947. போர் முடிந்து எந்தெந்த ராணுவமோ விட்டுப்போன இரண்டு மோட்டார் சைக்கிள்கள் ஊரில் இருந்தன. ஒன்று பாதிரியாரிடம், ஒன்று மாட்டு டாக்டரிடம். ஒரே நாளில் ஒரு பசுவும் அதன் சொந்தக்காரரும் சாகக் கிடந்தார்கள். யார் முதலில் போய்ச் சேருவது என்று இருவருக்கும் தகராறு. கோவில் வாசலில் கிளம்பி, நெகுடாவின் ரொட்டிக்கடையைத் தாண்டி, உங்கள் வீட்டுப் பேரிக்காய் மரத்தில் திரும்பி, சரிவில் இறங்கி, பாலம் கடந்து, ரயில்வே கேட் வழியாக மறுபடி கோவில். ஐந்து கிலோமீட்டர் நானூறு மீட்டர். பாதிரியார் இரண்டு கையையும் விட்டுவிட்டு ஜெபம் சொல்லிக்கொண்டே ஜெயித்தார். மேலிடத்து உதவி பெற்றது செல்லாது என்று டாக்டர் புகார் கொடுத்தார். இதற்குள் பசுவும் சொந்தக்காரரும் எழுந்து வாசலுக்கு வந்து வேடிக்கை பார்த்துக்கொண்டிருந்தார்கள். இதுதான் ஹ்ருஷ்கோவ் சுற்றுப்பாதை பிறந்த விதம்.

அடுத்த வருடம் பன்னிரண்டு பேர். 1955-ல் தொண்ணூறாயிரம் பேர் கூட்டம். ஊரின் ஜனத்தொகை நானூறு. பேரிக்காய் மரத்தில் பேரிக்காயைவிட மனிதர்கள் அதிகம் காய்த்திருந்தார்கள். கேட்டில் ரயில் வந்தால் ரயில்தான் நிற்கும். டிரைவர் எட்டிப் பார்த்து, முன்னால் போவது யார் என்று தெரிந்துகொண்ட பிறகுதான் வண்டியை எடுப்பார். 1953-ல் நெகுடா வீட்டுக் கிழட்டு வாத்து ஒன்று கலந்துகொண்டு நான்காவதாக வந்தது.

நில். ஜன்னல் வரை போய்விட்டு வருகிறேன். எனக்கு ஓரிடத்தில் உட்கார வராது.

வந்துவிட்டேன். முக்கியமான விஷயம் மெத்தை. நம் பாதையில் வளைவுக்கு வளைவு மரம், கம்பம், கல்சுவர். வைக்கோல் கட்டு வைக்கலாம் என்றால் கூட்டுப்பண்ணைக்காரர்கள் ஒரு துரும்பு தரவில்லை. அதனால் ஒவ்வொரு வீட்டாரும் தங்கள் வாசல் மரத்தில் தங்கள் வீட்டு இறகு மெத்தையைக் கட்டினார்கள். குளிர்காலம் முழுக்கப் பெண்கள் சேர்ந்து உட்கார்ந்து வாத்து இறகைக் கிழித்துக் கிழித்து நிரப்பின சீதன மெத்தைகள். பந்தயத்தைப் பார்க்க ஆண்கள் வந்தார்கள். பெண்கள் ஐந்தரை கிலோமீட்டர் நடந்தது, யார் வீட்டு உறை வெளுத்திருக்கிறது, யார் வீட்டு உறையில் ஒட்டுப் போட்டிருக்கிறது என்று பார்க்க. மொத்தம் எழுபத்திரண்டு மெத்தை. அத்தனைக்கும் தலைமை அதிகாரியாகக் கையில் மஞ்சள் பட்டை கட்டிக்கொண்டு சைக்கிளில் சுற்றியது சாட்சாத் உன் மாமா. மற்ற நாட்களில் நான் வெறும் தபால்காரன்.

எந்த வீட்டு மெத்தையில் ஒருவன் விழுகிறானோ அந்த வீட்டில் அவனுக்கு மதியச் சாப்பாடு. இது சட்டம். 1957-ல் ரோஸ்தா அத்தான் விழுந்தது உன் அம்மாவின் மெத்தையில். புத்தம் புதுச் சீதன மெத்தை. ஊர் முழுக்க இறகு பறந்து, பக்கத்து ஊரில் பனி பெய்வதாக நினைத்து அடுப்பு மூட்டினார்கள். அக்கா இடுப்பில் கை வைத்து நின்றாள்.

“என் மெத்தையைக் கிழிச்சுட்டீங்களே?”

“ஊசி நூல் இருந்தா குடுங்க. தைச்சுத் தரேன்.”

தைத்தார். சாப்பிட்டார். பதினேழு கொழுக்கட்டை, வாத்துக்கறி, முட்டைகோஸ். அடுத்த வருடம் கல்யாணம்.

அப்புறம் வருடா வருடம் பந்தயம். 1967-க்குப் பிறகு இல்லை. மழை. அவ்வளவுதான் வரலாறு. கை வலிக்கிறது.

இப்படிக்கு,
முன்னாள் மெத்தைத் தலைமை அதிகாரியும்
ஓய்வுபெற்ற பன்றி பராமரிப்பாளனும் ஆகிய
உன் மாமா அல்பீன்


பிர்னோ,
11 ஜூலை 1994

மாமா அவர்களுக்கு,

வணக்கம். கடிதத்துக்கு நன்றி. புத்தகம் மொத்தம் இருபத்துநான்கு பக்கம். உங்கள் கடிதத்திலிருந்து பாதையின் நீளத்தையும் தொடங்கிய வருடத்தையும் எடுத்துக்கொண்டேன். மெத்தை விஷயத்தை நெகுடா தாத்தாவிடம் தொலைபேசியில் விசாரித்தேன், உண்மை என்றார். வாத்து நான்காவதாக வந்ததா என்று கேட்டேன். இல்லை, ஆறாவது என்றார். உங்கள் ஊரில் யாரிடம் போய் எதைக் கேட்பது?

எனக்குத் தேவைப்பட்டது 1967. அதற்கு நீங்கள் தந்தது ஒரே ஒரு சொல்.

எனக்குத் தெரிந்ததை நானே எழுதுகிறேன். ஆகஸ்ட் மாதம், ஞாயிற்றுக்கிழமை. பந்தயத்தின் நடுவில் மழை வந்தது. எங்கள் வாசல் பேரிக்காய் மர வளைவில் அப்பாவின் வண்டி சறுக்கி மரத்தில் மோதியது. மரத்தில் மெத்தை இல்லை. மூன்றாம் நாள் அப்பா போய்விட்டார். எனக்கு ஏழு வயது. “மெத்தையை அவிழ்த்தது நான்தான்” என்று மாவட்ட விசாரணையில் நீங்களே சொன்னீர்கள். தபால்காரர் வேலை போய் உங்களைப் பன்றிப் பண்ணைக்கு அனுப்பினார்கள். அடுத்த வருடம் அம்மா என்னை அழைத்துக்கொண்டு பிர்னோவுக்கு வந்துவிட்டாள்.

அன்றிலிருந்து உங்கள் பேச்சு எங்கள் வீட்டில் கிடையாது. நினைவுக்கல் திறக்க ஊருக்குப் போகலாம் என்று அம்மாவிடம் சொன்னேன். உருளைக்கிழங்கு உரித்துக்கொண்டிருந்தாள். தலையே நிமிரவில்லை. “அவன் இருக்கிற ஊருக்கு நான் வர மாட்டேன். இதை இன்னொரு தடவை கேக்காதே,” என்றாள்.

அம்மாவுக்கு அறுபத்திரண்டு வயது. அப்பாவின் கல்லறையை அவள் பார்த்து இருபத்தாறு வருடம் ஆகிறது. அவளை அங்கே கூட்டிப்போக வேண்டும். இந்தப் புத்தகத்தை நான் ஒப்புக்கொண்டதே அதற்காக. நடுவில் நிற்பது நீங்கள். உங்களை வெறுப்பதா வேண்டாமா என்று எனக்கும் ஒரு முடிவு தெரிந்தாக வேண்டும்.

புத்தகத்தில் இந்த வரி வருகிறது: “அந்த மரத்தில் கட்டியிருந்த மெத்தையை அல்பீன் வாஹலா அகற்றியிருந்தார்.” இது சரிதான் என்று எழுதிக் கையெழுத்துப் போட்டு அனுப்புங்கள். ஏன் அவிழ்த்தீர்கள் என்றும் எழுதுங்கள். ஆகஸ்ட் 20-க்குள் அச்சகத்துக்குக் கொடுக்க வேண்டும். கதை வேண்டாம்.

யர்மிலா


ஹ்ருஷ்கோவ்,
19 ஜூலை 1994

என் அன்பு யர்மிலாவுக்கு,

வரி பிரமாதம். இலக்கணச் சுத்தம். கீழே கையெழுத்துப் போட்டிருக்கிறேன். வேண்டுமானால் பொன் எழுத்தில் போடு. “அகற்றியிருந்தார்” என்று மரியாதை எதற்கு, “அகற்றினான்” போதும்.

ஏன் என்றால், முட்டாள்தனம். ஒரு துளி மூக்கில் விழுந்தது. ஐயோ நல்ல மெத்தை நனைகிறதே என்று அவிழ்த்தேன், சுருட்டினேன், சைக்கிளில் வைத்துத் தீயணைப்பு நிலையத்தில் கொண்டுபோய்ப் போட்டேன். திரும்புவதற்குள் நடந்துவிட்டது. விசாரணைக்கு வந்த ஆள் நல்ல மனிதர். நான் சொன்னதை ஒரே மூச்சில் எழுதி, ஒரே மூச்சில் கையெழுத்து வாங்கி, நெகுடா கொடுத்த பிளம் சாராயத்தையும் ஒரே மூச்சில் குடித்துவிட்டுப் போனார்.

பன்றிப் பண்ணையைப் பற்றி வருத்தப்படாதே. அங்கே எனக்கு நல்ல மரியாதை. நான் பேசினால் இருநூறு பேர் தலையாட்டுவார்கள்.

அக்காவின் முழங்கால் எப்படி இருக்கிறது? குளிர்காலத்தில் வீங்குமே. இன்னமும் எல்லாவற்றிலும் சீரகத்தைக் கொட்டுகிறாளா? ஒரு வருடம் அவள் காப்பியில் போட்டதாகவே நான் ஊரெல்லாம் சொல்லி வைத்திருந்தேன். வருடா வருடம் கிறிஸ்துமஸ் வாழ்த்து அனுப்புகிறேன். “பெறுநர் ஏற்கவில்லை” என்ற முத்திரையோடு திரும்பி வருகிறது. அந்த முத்திரையை நானே எத்தனையோ பேருக்குக் குத்தியிருக்கிறேன், குறை சொல்ல வாயில்லை.

இதைக் கேள். அக்கா ஊருக்கு வர நான்தான் தடை என்றால், செப்டம்பர் 11 அன்று நான் ஊரில் இருக்கமாட்டேன். காலையிலேயே காட்டுப்பக்கம் மேட்டில் ஏறி உட்கார்ந்துகொள்கிறேன். அங்கிருந்து சத்தம் கேட்கும். எனக்கு அது போதும். நீ அவளைக் கூட்டி வா.

இன்று காலையிலிருந்து மூன்று முறை பாதையைச் சுற்றி வந்துவிட்டேன். நான்காவதுக்குக் கிளம்புகிறேன். சாலைக்குப் புதுத் தார் போடுகிறார்கள். நான் மேற்பார்வை பார்க்காவிட்டால் பாலத்தையும் சேர்த்து மூடிவிடுவார்கள்.

உன் மாமா,
அல்பீன் வாஹலா
(மேற்படி மெத்தையை மேற்படி மரத்திலிருந்து மேற்படியான் அகற்றியது உண்மை.)


பிர்னோ,
1 ஆகஸ்ட் 1994

மாமாவுக்கு,

சென்ற சனிக்கிழமை நான் ஹ்ருஷ்கோவுக்கு வந்திருந்தேன். உங்களைப் பார்க்காமலே திரும்பிவிட்டேன். நீங்கள் சைக்கிளில் போவதை நெகுடா தாத்தா வீட்டு ஜன்னலிலிருந்து பார்த்தேன். இரண்டு முறை போனீர்கள்.

பந்தய நாளில் தீயணைப்பு நிலையத்துத் தொலைபேசியில் உட்கார்ந்திருந்தவர் அவர்தான். பாதையில் எங்கிருந்து யார் பேசினாலும் மணியோடு நோட்டில் எழுதி வைப்பாராம். 1967 நோட்டை என்னிடம் கொடுத்தார். மாவு டப்பாவுக்குப் பின்னால் வைத்திருந்தார். அதில் இருப்பது இது:

“2.38. கேட்டிலிருந்து அல்பீன். கம்பத்து மெத்தை தளர்ந்திருந்தது, இறுக்கிவிட்டேன்.

2.44. கேட்டிலிருந்து அல்பீன். மழை பிடித்துவிட்டது. ஒருவரும் மெத்தையை எடுக்கக்கூடாது, எல்லா வீட்டுக்கும் ஆள் அனுப்பிச் சொல்லுங்கள்.

2.47. பேரிக்காய் மரம். ரோஸ்தா.”

கேட்டிலிருந்து எங்கள் வீட்டுக்கு மூன்று கிலோமீட்டர். மூன்று நிமிடம். பந்தயம் நடக்கும் பாதை. சைக்கிள். நான் கணக்கு டீச்சர் என்று நீங்களே எழுதியிருந்தீர்கள்.

இதை ஏன் விசாரணையில் காட்டவில்லை என்று கேட்டேன். கிழவர் கையைத் துடைத்தார், துடைத்தார், துடைத்துக்கொண்டே இருந்தார். “யாரும் எடுக்கக்கூடாதுன்னு அல்பீன் போன்ல சொன்னான். சொல்லலாம்னு வெளிய வந்தா, என் பொண்டாட்டியே எங்க மெத்தையைத் தலைமேல வெச்சுக்கிட்டு உள்ள ஓடுறா. தெரு முழுக்க அப்படித்தான். பதினோரு வீடு. மழை விழுந்தா படுக்கையை உள்ள எடுக்கணும், அவ்வளவுதான் அவங்களுக்குத் தெரியும், கைதான் ஓடுச்சு. அப்புறம் அல்பீன் நான்தான்னு சொன்னான். நாங்க எல்லாரும் வாயை மூடிக்கிட்டோம்.”

இன்னொன்று. தீயணைப்பு நிலையத்தில் மெத்தையைப் போட்டதாக எழுதியிருந்தீர்கள். அதைப் படித்ததிலிருந்து எனக்கு உறக்கம் சரியில்லை. அன்று மதியம் நான் வீட்டுக்குள் அந்த மெத்தையின்மேல் குதித்துக்கொண்டிருந்தேன். கட்டிலின்மேல் கிடந்தது. உறையில் இரண்டு மூன்று ஈரப்பொட்டு. குதிக்கும்போது வெளியே அந்தச் சத்தம் கேட்டது. இத்தனை வருடமும் இந்த ஞாபகம் என்னிடம் இருந்திருக்கிறது. அது எப்படி உள்ளே வந்தது என்று நான் ஒருமுறைகூட யோசிக்கவில்லை.

அந்த நேரத்தில் வீட்டில் இருந்தது நானும் அம்மாவும் மட்டும்.

யார் எடுத்தது மாமா?

யர்மிலா


ஹ்ருஷ்கோவ்,
5 ஆகஸ்ட் 1994

யர்மிலா,

நெகுடாவின் கடிகாரம் 1938-லிருந்தே தவறு. அந்த ஆள் விடியற்காலை என்று நினைத்து மாலையில் ரொட்டி சுட்டவர். ஏழு வயதுப் பிள்ளையின் ஞாபகத்தை எந்த நீதிமன்றமும் ஏற்காது. மெத்தையை அவிழ்த்தது அந்தக் கிழட்டு வாத்து. தன் இறகு உள்ளே இருக்கிறது என்று உரிமை கொண்டாடி அலகால் முடிச்சை அவிழ்த்தது. கட்டிலில் போட்டதும் அதுதான்.

போதுமா?

அந்த வரியை அப்படியே அச்சிடு. கையெழுத்து போட்டுத் தந்திருக்கிறேன். கெஞ்சிக் கேட்கிறேன்.

அல்பீன்


பிர்னோ,
13 ஆகஸ்ட் 1994

அன்புள்ள மாமாவுக்கு,

கெஞ்சாதீர்கள். உங்களுக்கு அது வராது.

செவ்வாய்க்கிழமை அந்த வரியை அம்மாவிடம் படித்துக் காட்டினேன். வேறெதுவும் சொல்லவில்லை. நோட்டைப் பற்றிச் சொல்லவில்லை. என் ஞாபகத்தைப் பற்றிச் சொல்லவில்லை. “அந்த மரத்தில் கட்டியிருந்த மெத்தையை அல்பீன் வாஹலா அகற்றியிருந்தார்.” படித்துவிட்டுக் காத்திருந்தேன்.

“அப்படியே போடு,” என்றாள்.

பிறகு எழுந்து போய்த் துவைத்து மடித்து வைத்திருந்த துணிகளை எல்லாம் பிரித்து மறுபடி மடித்தாள். துடைத்த மேசையைத் துடைத்தாள். கீழே போய் உப்பு வாங்கி வந்தாள். வீட்டில் உப்பு இருக்கிறது. மறுநாள் காலை நான் அச்சகத்துக்குக் கிளம்பி, கதவுக்கு வெளியே ஒரு கால் வைத்த பிறகு, பின்னாலிருந்து சொன்னாள்.

“அந்த வரியை எடுத்துடு.”

“ஏம்மா?”

“எடுத்துடுன்னா எடுத்துடு.”

நான் அங்கேயே நின்றேன். அவள் என் கோட்டின் பித்தானைப் போட்டுவிட்டாள், நான் என்னவோ முதல் வகுப்புக்குப் போகிற மாதிரி.

“அவன் இன்னும் ஒரு இடத்துல நிக்காம சுத்திக்கிட்டேதான் இருக்கானா?” என்று கேட்டாள்.

மாமா, இருபத்தேழு வருடத்தில் அவள் உங்களைப் பற்றிக் கேட்ட முதல் கேள்வி. கோபத்தால் அவள் உங்களைப் பார்க்காமல் இருக்கிறாள் என்றுதான் நான் நம்பிக்கொண்டிருந்தேன். கோபமாக இருப்பவர்கள் அப்படிக் கேட்கமாட்டார்கள். உங்கள் முகத்தை நிமிர்ந்து பார்க்க அவளால் முடியவில்லை, அதனால்தான் இத்தனையும்.

அம்மாவாகச் சொல்லமாட்டாள். நான் போய்க் கேட்டால் உடைந்துவிடுவாள். நீங்கள் சொல்லுங்கள். எப்படி வேண்டுமானாலும் சொல்லுங்கள். வாத்தை வேண்டுமானாலும் சேர்த்துக்கொள்ளுங்கள். ஆனால் சொல்லுங்கள். என்னால் அவளோடு ஒரே மேசையில் உட்கார்ந்து சாப்பிட முடியவில்லை, எழுந்திருக்கவும் முடியவில்லை.

உங்கள்,
யர்மிலா


ஹ்ருஷ்கோவ்,
17 ஆகஸ்ட் 1994

என் கண்ணே யர்மிலா,

சரி.

2.44-க்குத் தொலைபேசியை வைத்தேன். சைக்கிளில் ஏறினேன். கேட்டிலிருந்து பாதை வழியாக வரவில்லை, வயலுக்குள் விட்டேன். கோதுமை அறுத்த அடிக்கட்டைகள். நான் போன வேகத்தில் அந்த மழையிலும் இரண்டு சக்கரமும் தீப்பிடித்தன. எதிரே வந்த ரயில் பயந்துபோய்ப் பின்னால் போனது. ஓடையை நான் தாண்டவில்லை, ஓடைதான் ஒதுங்கிக்கொண்டது. வழியில் நான்கு முயல், இரண்டு மான், ஒரு காவல்துறை ஜீப்பை முந்தினேன். இதுவரை எந்த மோட்டார் சைக்கிளும் அந்த நேரத்தை முறியடிக்கவில்லை. புத்தகத்தில் போட்டுக்கொள்.

என்ன வேகத்தில் வந்து என்ன பயன்? நான் வந்தபோது முடிந்திருந்தது. வண்டி சாக்கடையில் கிடந்தது. சக்கரம் சுற்றிக்கொண்டே இருந்தது. அத்தான் புல்லில் கிடந்தார். அக்கா வாசற்படியில் நின்றுகொண்டிருந்தாள். கையில் கயிறு. மெத்தையை மரத்தோடு கட்டியிருந்த கயிறு, நான் போட்ட முடிச்சோடு.

ஆமாம், அக்காதான் எடுத்தாள். அவளைக் கேட்டால் எடுத்ததே தெரியாது என்றுதான் சொல்வாள், அது நிஜமாகவும் இருக்கும். நெகுடா சொன்னது சரி, கைதான் ஓடியது. இறகு மெத்தை நனைந்தால் என்ன ஆகும் என்று உனக்குத் தெரியாது, நீ கடையில் மெத்தை வாங்குகிற தலைமுறை. உள்ளே கட்டிகட்டியாகிவிடும், நாற்றமெடுக்கும், மூன்று குளிர்காலத்து உழைப்பு போய்விடும். வானத்தைப் பார்த்து ஓடுவதற்கு இந்த ஊரில் பெண் பிள்ளைகளை நடக்கப் பழகும்போதே பழக்கிவிடுவார்கள். எழுபத்திரண்டு மெத்தைக்கும் தலைமை அதிகாரி என்று திரிந்தேனே, இது எனக்குத் தெரிந்திருக்க வேண்டாமா? பட்டையைக் கட்டி, கயிற்றை எண்ணி, எல்லாம் செய்தேன். மழை வந்தால் என்ன என்று ஒரு வீட்டுக்கும் முன்கூட்டிச் சொல்லவில்லை. வெயில் காலத்துப் பந்தயத்துக்கு மழை வரும் என்று எனக்குத் தோன்றவே இல்லை. அதனால் விசாரணையில் நான் சொன்னதும் முழுப் பொய் இல்லை.

ஐந்தாம் நாள், அடக்கம் முடிந்த மறுநாள், மாவட்டத்து ஆள் உங்கள் வீட்டுக் கூடத்தில் உட்கார்ந்து, “மெத்தையை யார் எடுத்தது?” என்று கேட்டார். அக்காவின் வாய் திறந்தது. நீ அவள் மடியில் இருந்தாய். அந்தக் காலத்தில் அவர்கள் ஒரு பெயரை எழுதிக்கொண்டு போனால் அந்தப் பெயர் திரும்பி வர வருடக் கணக்காகும். உன் அப்பா போய் இரண்டே நாள். நான் பேசிவிட்டேன். பிறந்ததிலிருந்து பேச்சில் அக்காவை நான் முந்தியது அந்த ஒரு தடவைதான். நான் சொன்னதும் அவள் என்னைத் திரும்பிப் பார்த்தாள். அன்று பார்த்ததுதான்.

அவளுக்குத் தெரியும், எனக்குத் தெரியும், ஆனால் நாங்கள் இருவரும் அதைப் பற்றி ஒரு வார்த்தை பேசியதில்லை. பேசினால் நான் அவளுக்காகச் செய்தேன் என்று ஆகிவிடும், அவள் அதைத் தூக்கிக்கொண்டு திரிய வேண்டும். பேசாமல் இருந்தால் ஒருவேளை நான்தான் எடுத்தேனோ என்று அவளுக்கே ஒரு நாள் சந்தேகம் வந்துவிடும், நிம்மதியாக இருப்பாள் என்று நினைத்தேன். நான் தைத்த பொய்களில் இதுதான் இருப்பதிலேயே மோசமான தையல். அவள் நிம்மதியாக இல்லை, நீ எழுதியதிலிருந்து தெரிகிறது.

கடிதத்தை இங்கே நிறுத்திவிட்டுப் பாதையைச் சுற்றப் போனேன். பாதி வழியில் திரும்பிவிட்டேன். இதுவரை அப்படிச் செய்ததில்லை.

புத்தகத்தில் இப்படிப் போடு: “மழை வந்தது. பதினோரு வீடுகளில் மெத்தையை உள்ளே எடுத்தார்கள்.” எந்த வீடு என்று போடாதே. நெகுடாவிடம் கேட்டேன், தன் வீட்டுப் பெயரைப் போட்டுக்கொள்ளச் சொல்கிறார். வேண்டாம். பதினொன்று போதும்.

பதினோராம் தேதி நான் மேட்டுக்குப் போகவா, வேண்டாமா என்று அக்கா சொல்லட்டும்.

ஒன்று பாக்கி இருக்கிறது. இதை நான் ஒருவரிடமும் சொன்னதில்லை. சொன்னால், யார் எடுத்தார்கள் என்பது அதிலேயே வந்துவிடும், அதனால் சொல்ல முடியவில்லை. நீ அவளிடம் சொல். நானே சொன்னால் நம்பமாட்டாள். வாத்துக் கதை மாதிரி இதுவும் ஒன்று என்று நினைப்பாள். அதில் அவள் தப்பு ஒன்றும் இல்லை. என் வாய் அப்படிப்பட்டது.

அத்தானுக்கு நினைவு இருந்தது. பக்கத்தில் முட்டி போட்டு அவர் தலையைப் பிடித்துக்கொண்டேன். மற்ற வண்டிகள் இன்னும் ஓடிக்கொண்டிருந்தன, சத்தத்தில் வேறு யாருக்கும் கேட்டிருக்காது. நான் இடது காதை அவர் வாயருகே வைத்தேன். வலிக்கிறது என்று சொல்லவில்லை. முகத்தில் துளி விழுவதைப் பார்த்தார்.

“மழை வந்துடுச்சே மச்சான். பொஜேனா மெத்தையை உள்ள எடுத்துட்டாளா?”

“எடுத்துட்டா அத்தான்.”

“நல்லவேளை,” என்றார்.

யர்மிலா, பாதிரியார் கையை விட்டு ஓட்டவில்லை. தொண்ணூறாயிரம் பேர் வரவில்லை, மூவாயிரம் வந்திருந்தால் அதிகம். பதினேழு கொழுக்கட்டை இல்லை, ஆறு. ரயில் பின்னால் போகவில்லை. இந்த வரலாற்றில் நான் அளந்ததை எல்லாம் கழித்துவிடு. இந்த ஒன்று மட்டும் நடந்தது.

மாமா அல்பீன்